முன்பல்

கடியபட்டினம் திருவிழா, எட்டாம் நாள் இரவு.
சப்பரத்துக்கு முன்னால் பேண்ட் செட்,
பேண்ட் செட்டுக்கு முன்னால் நான்.
ஜெனரேட்டர் வயர் காலைத் தட்ட
கிளாரினெட்டைத் தூக்கிப் பிடித்தபடி விழுந்தேன்.
கருவிக்குக் கீறல் இல்லை.
மேல்வரிசை முன்பல் ஒன்று
கறுப்பு மணலில் வெள்ளையாகக் கிடந்தது.
எடுத்துத் தந்தவன் டிரம் அடிக்கும் பொன்னுமிக்கேல்:
"எஸ்தாக்கி அண்ணே, சிப்பின்னுல்லா நெனச்சேன்."

உதடுதான் வாசிக்கிறது என்பது
பார்க்கிறவர்கள் கணக்கு.
மேல்பல்லை ஊன்றித்தான் அது நிற்கும்.
ஒரு பல் போனால்
மேல் ஸ்தாயி முழுக்க
பஞ்சரான சைக்கிள்.

அதன்பிறகு சினிமாவுக்கு இசையமைக்கப் போனேன்.
சொல்லும்போது நன்றாகத்தான் இருக்கிறது.
போனது கோடம்பாக்கத்தில்
மாமன் மகன் கிளீட்டஸின் அறைக்கு.
ஆர்மோனியம் இரவல், மின்விசிறி வாடகை.
மெட்டை முனகிக் காட்டுவேன்,
"ச" வரும் இடமெல்லாம்
பல்லிடுக்கில் காற்று முந்தும்.
பாடவந்த பெண் அதையும் மெட்டு என்று நினைத்து
சரணத்தின் தொடக்கத்தில்
அப்படியே ஒரு மூச்சு விட்டாள்.
அந்த மூச்சை எல்லோரும் மெச்சினார்கள்.
நான் திருத்தவில்லை.

மொத்தம் இரண்டரைப் படம்.
அரை என்பது
தயாரிப்பாளர் ஓடிய தூரம்.
நாகர்கோவிலில் முதல் காட்சிக்கு
சலேத்தைக் கூட்டிப்போனேன்.
என் பாட்டு வந்ததும்
முன்வரிசை எழுந்து பீடி குடிக்கப் போயிற்று.
என் பெயர் திரையில் வந்தபோது
சலேத் கைதட்டினாள், தனியாக.
பஸ்ஸில் சொன்னாள்:
"பேரு வருது, செரி.
பேர அவிச்சிக் கொழம்பு வய்க்கவா?"

ஒலிப்பதிவுக்கூட வராந்தாவில்
ஏதோ ஒன்றுக்குச் சிரித்தேன்.
உதவி இயக்குநன் ஒருவன் கிட்டே வந்து
வாயையே பார்த்தான்.
"சார், அந்த கேப் ஒரிஜினலா?"

முதலில் குடிகாரன்.
பிறகு பொய்ச்சாட்சி,
வட்டிக்கு விடுகிறவனின் அண்ணன்,
இரண்டு தடவை பிணம்.
பிணத்துக்கு எதற்குப் பல் என்றேன்.
"வாயத் தொறந்து கெடக்கணும் சார்,
அதுக்குத்தானே ஒங்களக் கூப்பிட்டோம்."
ஈ ஒன்று உதட்டில் உட்கார்ந்தது.
அசையவில்லை.
ஐந்து வருடம் இசையமைத்துக் கிடைக்காதது
அந்த ஈயால் கிடைத்தது.

போன மாதம் திங்கள்சந்தையில் ரீசார்ஜ் கடை.
அங்கே நின்ற பெண்ணின் போன் ஒலித்தது:
என் மெட்டு, அந்த மூச்சோடு.
அவள் அதை வெட்டிவிட்டு என்னை நிமிர்ந்து பார்த்தாள்.
"நீங்க அந்தப் பொணந்தானே?"
ஆமாம் என்றேன்.
செல்பிக்கு வாயைத் திறக்கச் சொன்னாள்.
திறந்தேன்.
போன் மறுபடி ஒலித்தது.
மறுபடி வெட்டினாள்.

வெட்டூர்ணிமடத்தில் பல் டாக்டர் ஜெபா பென்னட்
எலும்பில் திருகாணி வைத்துப்
புதுப்பல் பூட்டலாம் என்கிறார்,
இருபத்தெட்டாயிரம்.
இயக்குநர் போனில்:
"பங்குனி வரைக்கும் பல்லுல கைவைக்காதீங்க,
கன்டினியூட்டி போயிடும்."
திருவிழா கமிட்டி போனில்:
"பதினேழு வருசம் ஆச்சுவே.
இந்தத் தடவ சப்பரத்துக்கு முன்ன
நீருதான் வாசிக்கணும்."
இருவரிடமும் சரி என்று சொல்லிவிட்டேன்.
இரண்டு சரிக்கும் வாய் ஒன்று.

இன்றைக்குச் சாயங்காலம்
பெட்டியைத் திறந்தேன்.
ரீட் ஓரத்தில் பிளந்திருந்தது.
ஊறவைத்தேன்.
ஊதுவாயை இடப்பக்கம் தள்ளி
அடுத்த பல்லில் ஊன்றிப் பார்த்தேன்.
கழுத்து கோணியது,
கடல் பக்கம் திரும்பியிருந்த முகம்
தன்னால் சுவர்ப்பக்கம் வந்தது.
ஊதினேன்.
வந்தது பாதி ஸ்வரம், பாதி சோழக்காற்று.
இன்னொரு தடவை.
இன்னொரு தடவை.

புறவாசலில் துணி எடுத்துக்கொண்டிருந்த சலேத்
அங்கிருந்தே கத்தினாள்:
"குக்கரு எத்தன விசிலு வச்சிது?"

"மூணு" என்றேன்.
நாலாவதுக்கு
உதட்டை ஈரமாக்கினேன்.